எந்த முனை புதுசு? பூஞ்சைகளுக்குப் பெயர் வைத்த சி. வி. சுப்பிரமணியன்

வழக்கம்போல சதுரங்கப்பட்டினத்தில் எங்க வீட்டு மாடி ரூமிலிருந்துதான் பேசுறேன். ஆனா இன்னிக்கு சத்தம் கொஞ்சம் எதிரொலிக்கும், பொறுத்துக்கோங்க. சுவரில் ஒட்டியிருந்த ஃபோம் எல்லாத்தையும் கழட்டிட்டேன். ஏன் கழட்டினேன் என்பதிலிருந்துதான் இன்றைய கதை ஆரம்பிக்குது.

2023 டிசம்பர் முதல் வாரத்தில் மிக்ஜாம் புயல் வந்தது இல்லையா. சென்னை மூழ்கின செய்தியைத்தான் எல்லாரும் பார்த்தீங்க. எங்க பக்கமும் நல்ல மழை. கடற்கரை ஊர், சாதாரண நாளிலேயே உப்புக்காத்து. மழை நின்னு பத்து நாள் கழிச்சு ரெக்கார்ட் பண்ண உட்கார்ந்தா, ரூமில் ஈரத்துணியை மூடி வைத்த மாதிரி ஒரு வாசம். ஃபோமை லேசா உரிச்சுப் பார்த்தேன். பின்பக்கம் முழுக்கக் கரும்பச்சையா, வெல்வெட் மாதிரி பூஞ்சணம்.

அம்மா எட்டிப் பார்த்துட்டு, "ஓதம் ஏறின சுவத்துல பஞ்சை ஒட்டி வெச்சா வேற என்னடா வரும்?" என்று சொல்லிட்டுப் போயிட்டாங்க.

நான் சாஃப்ட்வேர் ஆள். உடனே போட்டோ எடுத்து ஒரு ஆப்பில் போட்டேன். அது 'ஆஸ்பெர்ஜில்லஸ் நைஜர்' என்று அடிச்சுச் சொன்னது. அந்த ஸ்கிரீன்ஷாட்டை தாவரவியலில் எம்.எஸ்சி. படிச்ச என் பள்ளி நண்பனுக்கு அனுப்பினேன். ஒரு வாய்ஸ் நோட் வந்தது: "மச்சான், போட்டோவ வெச்சுல்லாம் பேர் சொல்ல முடியாது. மைக்ராஸ்கோப்புல பார்த்தா ஸ்போர் செயின் செயினா இருக்கும். அந்த செயின்ல எந்த முனை புதுசுன்னு பார்க்கணும். அப்பதான் பேரு."

எந்த முனை புதுசா? எனக்குப் புரியல. இப்படிப் பார்க்கணும் என்று யார் சொன்னாங்க என்று கேட்டேன். "நிறைய பேர்டா. அதுல நம்ம மெட்ராஸ் யுனிவர்சிட்டிக்காரர் ஒருத்தர் உண்டு. சி. வி. சுப்பிரமணியன். தேடிப் பாரு."

தேடினேன். மூணு வாரமா வேற எதையும் படிக்கல.

அவரைப் பற்றிச் சொல்றதுக்கு முன்னாடி, 'பூஞ்சைக்குப் பேர் வைக்கிறதெல்லாம் ஒரு வேலையா' என்று நினைக்கிறவங்களுக்காக ஒரு விஷயம் சொல்லணும். நானும் அப்படி நினைச்சிருப்பேன், 2021 மே மாசம் வரைக்கும்.

அந்த மாசம் எங்க மாமாவுக்கு, அம்மாவோட தம்பி, திருக்கழுக்குன்றத்தில் இருக்கார், கொரோனா வந்து குணமாகி வீட்டுக்கு வந்தார். சர்க்கரை நோய் உண்டு, சிகிச்சையில் ஸ்டீராய்டும் கொடுத்திருந்தாங்க. ஒரு வாரத்தில் இடது கண் வீங்க ஆரம்பிச்சது. டிவியில் எந்த சேனலைத் திருப்பினாலும் 'கருப்புப் பூஞ்சை'. அப்புறம் வெள்ளைப் பூஞ்சை, மஞ்சள் பூஞ்சை என்று கலர் கலரா செய்தி வந்தது. ஆஸ்பத்திரியில் மூக்கிலிருந்து கொஞ்சம் திசு எடுத்து லேபுக்கு அனுப்பினாங்க. அந்த ரிப்போர்ட் வரும்வரை வெளியே நின்னுட்டிருந்தது நான்தான். அப்போதுதான் ஒரு இளம் டாக்டர் எனக்குப் புரியவைத்தார்: ஸ்லைடில் தெரியற இழை அகலமா, ரிப்பன் மாதிரி, நடுவில் தடுப்புச்சுவர் அதிகம் இல்லாமல் இருந்தால் அது மியூக்கர் வகை. மெல்லிசா, தடுப்புகளோட, குறுகிய கோணத்தில் கிளை பிரிஞ்சால் ஆஸ்பெர்ஜில்லஸ் மாதிரி வேறொரு வகை. ஆஸ்பெர்ஜில்லஸுக்கு வோரிகோனசோல் நல்ல மருந்து. மியூக்கர் வகைக்கு அது வேலை செய்யாது, ஆம்போடெரிசின் பி வேணும். நாடு முழுக்க அப்போ ஆம்போடெரிசின் தட்டுப்பாடு, ஞாபகம் இருக்கும்.

பெயர் தப்பானால் மருந்து தப்பு. அவ்வளவுதான் விஷயம்.

இன்னொன்று: 'கருப்புப் பூஞ்சை' என்று நாம சொன்ன அந்தப் பூஞ்சை கருப்பே கிடையாது. அது இரத்தக் குழாய்க்குள் புகுந்து அடைக்கிறதால் திசு செத்துக் கருப்பாகும். கருப்பு நம்ம உடம்போட நிறம். உண்மையிலேயே கருப்பான பூஞ்சைகள் என்று வேறொரு கூட்டம் இருக்கு, அது தரும் நோய்களும் வேற. அப்போ டெல்லி எய்ம்ஸ் இயக்குநராக இருந்த ரந்தீப் குலேரியாவே, கலரை வெச்சுக் கூப்பிடாதீங்க, குழப்பம் வரும், மியூகோர்மைகோசிஸ் என்றே சொல்லுங்க என்று கேட்டுக்கிட்டார். மாமாவுக்கு ஒரு கண் போச்சு, ஆள் நல்லா இருக்கார். இந்த எபிசோடை அவரும் கேட்பார்.

சரி. நிறத்தை வெச்சுப் பேர் சொல்லாதே, வேறெதையோ பார் என்கிற அந்த எண்ணத்துக்கு ஒரு வரலாறு இருக்கு. சுப்பிரமணியன் அதில்தான் வர்றார்.

சிறயத்துமடம் வெங்கடாசலய்யர் சுப்பிரமணியன், சுருக்கமா சி.வி.எஸ்., 1924 ஆகஸ்ட் 11 அன்று எர்ணாகுளத்தில் பிறந்தார். ஆராய்ச்சி வாழ்க்கை பெரும்பாலும் சென்னைப் பல்கலைக்கழகத்தில். அங்கே தாவரவியல் ஆய்வகத்தை டி. எஸ். சதாசிவன் நடத்திட்டிருந்தார். சதாசிவனின் ஆர்வம் மண்ணில் வாழும் பூஞ்சைகள், முக்கியமா பருத்தியை வாட வைக்கும் ஃபியூசேரியம். சி.வி.எஸ்.ஸும் அவரிடம் ஃபியூசேரியத்தில்தான் ஆரம்பித்தார். தென்னிந்திய ஃபியூசேரியங்களைப் பற்றி 1950களில் வரிசையா கட்டுரைகள் எழுதினார். அதோடு பக்கத்திலேயே இன்னொரு தொடர் ஓடியது: 'ஃபங்கை இம்பெர்ஃபெக்டை ஃப்ரம் மெட்ராஸ்'. மெட்ராஸைச் சுற்றிக் கிடக்கும் காய்ந்த குச்சி, அழுகின இலை, புல் தண்டு, அதில் வளரும் பூஞ்சைகள்.

இம்பெர்ஃபெக்டை என்றால் 'குறையுள்ளவை'. இந்தப் பேரே ஒரு கதை. பூஞ்சைகள் இரண்டு விதமா பெருகும். ஆண் பெண் மாதிரி இரண்டு மரபணுத் தொகுதிகள் கலந்து ஸ்போர் உண்டாக்குவது ஒரு வழி. கலப்பே இல்லாமல், தன் இழையிலிருந்தே ஸ்போரை உதிர்ப்பது இன்னொரு வழி. அந்த ஸ்போருக்குக் கொனிடியம் என்று பேர். பழைய ஆட்கள் முதல் வழியை வைத்துத்தான் பூஞ்சைகளை வகைப்படுத்தினாங்க. ஆனால் ஊறுகாய் ஜாடியில், செருப்பில், என் ஃபோமில் வர்ற பூஞ்சையில் ஆயிரக்கணக்கானவற்றில் கலப்பு நிலையை யாரும் பார்த்ததே இல்லை. அதனால் 'உங்களுக்கு ஒரு பாதி குறையுது' என்று எல்லாத்தையும் ஒரு மூட்டையில் போட்டு, ஃபங்கை இம்பெர்ஃபெக்டை என்று கட்டி வெச்சாங்க. கோடு எழுதறவங்களுக்குத் தெரியும், 'மிஸ்க்' என்று ஒரு ஃபோல்டர் இருக்குமே, அதேதான். அந்த ஃபோல்டர்தான் எப்பவும் பெருசா இருக்கும்.

அந்த மூட்டைக்குள்ளே வரிசைப்படுத்த ஒரு முறை இருந்தது. இத்தாலியின் சக்கார்டோ 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் கொடுத்த முறை. ஸ்போர் என்ன நிறம், என்ன வடிவம், உள்ளே எத்தனை தடுப்பு. நிறமற்றது ஒரு பக்கம், கருப்பு ஒரு பக்கம், உருண்டை ஒரு பக்கம், சுருள் ஒரு பக்கம். பயன்படுத்த ரொம்ப சுலபம். ஆனா சட்டை கலரை வெச்சு சொந்தக்காரங்களைக் கண்டுபிடிக்கிற மாதிரிதான் அது.

இப்ப என் நண்பனின் கேள்விக்கு வரலாம். எந்த முனை புதுசு?

இரண்டு பூஞ்சைகளை எடுத்துக்கோங்க. ஒன்று ஆஸ்பெர்ஜில்லஸ், இன்னொன்று கிளாடோஸ்போரியம். இரண்டிலும் மணிமாலை மாதிரி ஸ்போர்கள் ஒண்ணு மேல ஒண்ணா நிக்கும். சும்மா பார்த்தா ரெண்டும் செயின்தான். ஆனால் ஆஸ்பெர்ஜில்லஸில் அடியில் ஒரு குட்டி பாட்டில் மாதிரி செல் இருக்கு. அதன் வாயிலிருந்து ஒரு ஸ்போர் வரும், அடுத்தது அதைத் தள்ளிக்கிட்டு வரும், அதற்கடுத்தது இரண்டையும் தள்ளும். இடியாப்ப உழக்கில் மாவு இறங்குற மாதிரி, ஆனா தலைகீழா, மேல்நோக்கி. அதாவது செயினின் உச்சியில் இருப்பது மூத்தது, அடியில் இருப்பது கைக்குழந்தை. அந்த பாட்டில் செல்லுக்கு ஃபியாலைடு என்று பேர்.

கிளாடோஸ்போரியத்தில் இதற்கு நேர் எதிர். முதல் ஸ்போர் அடியிலேயே உட்கார்ந்திருக்கும். அதன் தலையிலிருந்து அடுத்தது மொட்டு விடும். அதன் தலையிலிருந்து இன்னொன்று. கள்ளிச்செடியில் ஒரு தண்டு மேல இன்னொரு தண்டு முளைக்கிற மாதிரி. இங்கே உச்சிதான் கைக்குழந்தை. சில இடத்தில் ஒரு தலையில் இரண்டு மொட்டு வந்தால் செயினே கிளை பிரியும். ஃபியாலைடில் அது நடக்கவே வழியில்லை, ஒரு வாயில் ஒன்றுதானே வர முடியும்.

மூணாவது ஒன்றும் உண்டு. இழை முதலில் நீளமா வளர்ந்து முடிச்சு, அப்புறம் கரும்பைத் துண்டு போடற மாதிரி தன்னையே நறுக்கிக்கும். ஒவ்வொரு துண்டும் ஒரு ஸ்போர். அதுவும் கடைசியில் பார்க்க செயின்தான்.

அவுட்புட் ஒண்ணு, அல்காரிதம் மூணு. லிஸ்ட்டின் முன்னாடி சேர்க்கிற ஃபங்ஷனும் பின்னாடி சேர்க்கிற ஃபங்ஷனும் ஒரே லிஸ்ட்டைத் திருப்பித் தரலாம். ரிசல்ட்டை மட்டும் பார்த்தா எது எழுதினது என்று தெரியாது, ஓடும்போது உட்கார்ந்து பார்க்கணும். பூஞ்சையை 'ஓடும்போது' பார்ப்பதென்றால், ஒரே ஸ்லைடை மணிக்கணக்கில், நாள்கணக்கில், வளர வளரப் பார்த்து வரைஞ்சுக்கிட்டே இருக்கிறது.

இது சி.வி.எஸ். ஒருத்தரின் கண்டுபிடிப்பு இல்லை, அதைத் தெளிவா சொல்லிடறேன். இங்கிலாந்தில் கியூவில் இருந்த இ. டபிள்யூ. மேசன் இந்த வழியில் யோசிச்சவர். கனடாவில் ஸ்டான்லி ஹ்யூஸ் 1953ல் எழுதின கட்டுரைதான் கதவைத் திறந்தது: ஸ்போர் எப்படிப் பிறக்குது என்பதை வெச்சுப் பிரிப்போம் என்றார். ஜப்பானில் டுபாகி அந்த வழியில் போனார். சி.வி.எஸ். 1962ல் பெங்களூரிலிருந்து வரும் 'கரண்ட் சயின்ஸ்' இதழில் தன் வகைப்பாட்டை வெளியிட்டார். ஹைஃபோமைசீட்ஸ் என்கிற, இழைமேல் வெளிப்படையா ஸ்போர் தாங்கும் பூஞ்சைகள் மொத்தத்தையும், ஸ்போர் பிறக்கிற விதத்தை வெச்சுக் குடும்பங்களா பிரிச்சார். மொத்தம் மூணு பக்கம். நாம ஒரு ரீட்மீ ஃபைலையே அதைவிட நீளமா எழுதுவோம்.

1965ல் சாந்தி ஸ்வரூப் பட்நாகர் விருது. 1969ல் கனடாவில், கனனாஸ்கிஸ் என்ற மலை இடத்தில், பிரைஸ் கெண்ட்ரிக் இந்த மூட்டை பூஞ்சைகளுக்காகவே ஒரு சின்னக் கூட்டம் கூட்டினார். பெரிய மாநாடு இல்லை, ஹ்யூஸ், டுபாகி மாதிரி இதிலேயே ஊறின ஆட்கள் மட்டும். மெட்ராஸிலிருந்து சி.வி.எஸ். அங்கே எதைப் பற்றிக் கட்டுரை கொடுத்தார் தெரியுமா? அந்த பாட்டில் செல், ஃபியாலைடு. இன்றைக்கும் பூஞ்சை லேபில் பேசற வார்த்தைகளில் பாதி அந்தக் கூட்டத்தில் சண்டை போட்டு முடிவு பண்ணினது.

எனக்கு அவரிடம் ரொம்பப் பிடிச்ச விஷயம் வேற. அவர் வைத்த பெயர்கள்.

அறிவியல் பெயர் என்றால் லத்தீன், கிரேக்கம் என்றுதானே நினைப்போம். விதி என்ன சொல்லுது என்றால், வார்த்தையை எந்த மொழியிலிருந்தும் எடுக்கலாம், இலக்கணத்தில் மட்டும் லத்தீன் போல நடத்தணும். சி.வி.எஸ். இந்த சலுகையை முழுசா பயன்படுத்தினார். பிறை மாதிரி ஸ்போர் உள்ள பூஞ்சைப் பேரினத்துக்கு 'அர்த்தசந்திரா'. இரண்டு வகை ஸ்போர் போடுவதற்கு 'த்வயபீஜா'. சுருட்டை முடி மாதிரி இழை இருப்பதற்கு 'குடிலகேசா'. வளைந்த ஸ்போருக்கு 'வக்ரபீஜா'. லண்டனிலும் டோக்கியோவிலும் ஒரு ஆள் இதை எழுத்துக்கூட்டிப் படிச்சிருப்பார் என்று நினைச்சாலே சிரிப்பு வருது. தமிழில் ஏன் வைக்கல என்று கேட்கத் தோணும், எனக்கும் தோணுச்சு. எல்லாம் சமஸ்கிருதம்தான். ஆனா ஆசிரியருக்கு மரியாதை பண்ணின இடத்தில் மொழிப் பிரச்சினை இல்லை: 1957ல் ஒரு பேரினத்துக்கு 'சதாசிவானியா' என்று வைத்தார்.

வக்ரபீஜாவைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்க்கலாம், ஏன்னா அது செங்கல்பட்டு மாவட்டத்துக்காரங்களுக்குத் தெரிய வேண்டிய பூஞ்சை. நெல்லில் தண்டு அழுகல் நோய் என்று ஒன்று வரும். தண்ணி மட்டத்தில் இலையுறையில் கருப்புப் புள்ளியா ஆரம்பிச்சு, தண்டுக்குள் போய், பயிர் சாயும். தண்டைப் பிளந்து பார்த்தா உள்ளே கடுகைவிடச் சின்னதா கருப்பு உருண்டைகள். அறுவடைக்கு அப்புறம் அவை அடிக்கட்டையில் தங்கி, அடுத்த தடவை வயலில் தண்ணி கட்டும்போது மிதந்து வந்து புதுப் பயிரில் ஒட்டிக்கும்.

1876ல் இத்தாலியில் கத்தானியோ அந்த உருண்டைகளைப் பார்த்து 'ஸ்கிளெரோஷியம் ஒரைசே' என்று பேர் வைத்தார். 1889ல் காவரா அதே பூஞ்சையின் வளைந்த ஸ்போரைப் பார்த்து 'ஹெல்மிந்தோஸ்போரியம் சிக்மாய்டியம்' என்றார். கலப்பு நிலைக்குத் தனியா ஒரு பேர், அது பிற்பாடு 'மேக்னபோர்த்தே சால்வினி' ஆனது. ஒரே உயிர், மூணு நிலை, மூணு பேர். இது யாரோ செஞ்ச தவறு இல்லை. பூஞ்சையின் இரண்டு நிலைகளுக்கு இரண்டு பேர் இருக்கலாம் என்று விதியே அனுமதிச்சது. ஒரே யூசருக்கு மூணு ஐடி, மூணும் செல்லும். டேட்டாபேஸ் வேலை பார்க்கிறவங்க இப்ப நெஞ்சைப் பிடிச்சுப்பீங்க.

ஒரு விவசாய அதிகாரி நோயைப் பற்றி நூலகத்தில் தேடினால், எந்தப் பேரில் தேடணும்? மூணிலும் தேடணும். ஒன்றை விட்டா அந்தப் பேரில் எழுதின அத்தனை ஆராய்ச்சியும் அவருக்கு இல்லாததுதான்.

சி.வி.எஸ். 1950களில் இந்த ஸ்போரைப் பார்த்து, ஹெல்மிந்தோஸ்போரியம் என்ற பேரினத்தில் இது உட்காரக்கூடாது, பிறக்கிற விதமே வேற என்று எடுத்து, வக்ரபீஜா என்ற புது வீடு கட்டிக் கொடுத்தார். கவனிப்பு சரி. ஆனால் ஜப்பானில் ஹாரா 1939லேயே இதே பூஞ்சைக்கு 'நகாட்டேயா' என்று வீடு கட்டியிருந்தார். முதலில் வந்த பேருக்குத்தான் உரிமை, அது விதி. வக்ரபீஜா துணைப்பெயரா பட்டியலில் கீழே போச்சு.

நெல்லில் இன்னொரு நோய், பழுப்புப் புள்ளி. 1942ல் வங்காளத்தில் நெல்லை அடிச்சது இதுதான். அடுத்த வருஷம் வந்த பஞ்சத்துக்கு இந்த பூஞ்சை பெரிய காரணம் என்று கட்டாக் நெல் ஆராய்ச்சி நிறுவனத்தின் எஸ். ஒய். பத்மநாபன் 1973ல் எழுதினார். பூஞ்சை இல்லை, அரிசி வாங்கும் சக்தி மக்களிடமிருந்து பறிபோனதுதான் காரணம் என்று அமர்த்தியா சென் பிற்பாடு வாதிட்டார். எனக்கு சென் பக்கம்தான் நியாயம் தெரியுது, ஆனா வயலில் நோய் இருந்தது நிஜம். அந்த பூஞ்சையை சி.வி.எஸ்.ஸும் பி. எல். ஜெயினும் 1966ல் 'டிரெக்ஸ்லெரா' பேரினத்துக்கு மாற்றினாங்க. இன்றைக்கு அது 'பைபோலாரிஸ் ஒரைசே'. இரண்டுக்கும் வித்தியாசம் என்ன? டிரெக்ஸ்லெராவின் ஸ்போர் எந்த செல்லிலிருந்தும் முளைக்கும், பைபோலாரிஸ் இரண்டு முனையிலிருந்து மட்டும் முளைக்கும். மறுபடியும், பார்க்க எப்படி இருக்கு என்பது இல்லை, எப்படி நடந்துக்குது என்பது.

இங்கே ஒரு குட்டி விஷயம், சாஃப்ட்வேர் ஆட்களுக்குப் பிடிக்கும். பூஞ்சைப் பெயருக்குப் பின்னாடி பெயர் வைத்தவரின் சுருக்கப் பெயரைப் போடுவாங்க. சி.வி.எஸ்.ஸுக்கு 'சுப்ரம்.'. பின்னாடி யாராவது பேரினத்தை மாற்றினால், பழையவர் பேர் அடைப்புக்குறிக்குள் போகும், மாற்றினவர் பேர் பக்கத்தில் வரும். யாரையும் அழிக்க மாட்டாங்க. கிட் லாக் வர்றதுக்கு எவ்வளவோ முன்னாடியே இவங்க அதை வெச்சிருந்தாங்க.

1971ல் அவருடைய பெரிய புத்தகம் வந்தது, இந்திய வேளாண் ஆராய்ச்சிக் கழக வெளியீடு. இந்தியாவின் ஹைஃபோமைசீட்ஸ், செர்க்கோஸ்போரா கூட்டம் மட்டும் நீங்கலாக. 930 பக்கம். இணையம் இல்லாத காலத்தில், ஒரு மாவட்ட தலைநகர் கல்லூரியில் மைக்ராஸ்கோப் வெச்சிருக்கிற ஒரு லெக்சரர், தன் இலையில் இருக்கும் பூஞ்சையை அடையாளம் காண இதுதான் துணை. 1973ல் இந்திய பூஞ்சையியல் கழகத்தைத் தொடங்கினார். அதன் இதழுக்குப் பேர் 'கவகா', சமஸ்கிருதத்தில் காளான். மனுஷன் மாறவே இல்லை பாருங்க. 1977லிருந்து 1983 வரை சர்வதேச பூஞ்சையியல் சங்கத்தின் தலைவர். சதாசிவனுக்குப் பிறகு சென்னையில் அந்தத் தாவரவியல் மையத்தின் பொறுப்பும் அவரிடம்.

விருது, பதவி எல்லாம் வேகமா சொல்லிட்டேன், விக்கிப்பீடியாவில் இருக்கு. எனக்கு உறுத்தின கேள்வி வேற: இவ்வளவும் பண்ணி, கடைசியில் அது நின்னுச்சா?

நிக்கல. நேர்மையா சொல்லணும் என்றால் அவருடைய குடும்பப் பிரிவுகளை இன்றைக்கு யாரும் பயன்படுத்துறதில்லை. 1990களில் டிஎன்ஏ வந்தது. ஃபியாலைடு மாதிரியான உறுப்புகள் சம்பந்தமே இல்லாத பூஞ்சைக் குலங்களில் தனித்தனியா உருவாகியிருக்கு என்று தெரிந்தது. வவ்வாலுக்கும் காகத்துக்கும் இறக்கை இருக்கிற மாதிரி. ஒரே அல்காரிதத்தை இரண்டு பேர் தனித்தனியா எழுதியிருக்காங்க. 2011ல் மெல்பர்னில் நடந்த தாவரவியல் மாநாட்டில், ஒரு பூஞ்சைக்கு ஒரே பெயர் என்று முடிவெடுத்தாங்க. 2013 ஜனவரி 1 முதல் இரட்டைப் பெயர் முறை போச்சு. குறையுள்ளவை என்ற மூட்டையே கலைஞ்சது. அதே 2013ல் தண்டு அழுகல் பூஞ்சைக்கு 'நகாட்டேயா ஒரைசே' என்று ஒரே பேர் நிலைச்சது.

அப்போ அவருக்கு வயசு 88. தான் ஐம்பது வருஷம் உழைச்ச மூட்டை காலியாகிறதை உயிரோட இருந்து பார்த்தவர். 2016 பிப்ரவரி 5 அன்று காலமானார்.

அதனால் அவர் வேலை வீண் என்று சொல்ல வரல. டிஎன்ஏவை எதோட ஒப்பிடுவீங்க? ஒரு வரிசையை மெஷின் கொடுக்கும், அது யாருடையது என்று சொல்ல, முதன்முதலில் பேர் வைத்தபோது எடுத்த அசல் மாதிரி வேணும். சி.வி.எஸ்.ஸும் மாணவர்களும் சேர்த்த மாதிரிகள் எம்.யு.பி.எல். என்ற குறியீட்டோட சென்னைப் பல்கலைக்கழக மாதிரியகத்தில் உறைகளில் இருக்கு. காய்ந்த குச்சிதான். ஒவ்வொன்றும் ஒரு பேரின் சாட்சி. உலகத்தில் 22 லட்சத்திலிருந்து 38 லட்சம் வரை பூஞ்சை இனங்கள் இருக்கலாம் என்று 2017ல் ஒரு மதிப்பீடு வந்தது. பேர் வைத்தது ஒன்றரை லட்சம் மாதிரிதான். மீதியை யாராவது குச்சி பொறுக்கித்தான் ஆரம்பிக்கணும்.

அவர் பேரிலும் பூஞ்சைகள் இருக்கு. 'சுப்ரமணியுலா' ஒன்று. இன்னொன்றை 2010ல் கோவாவின் டி. ஜெ. பட் குழு வெளியிட்டது. பேரை மூச்சுப் பிடிச்சுக் கேளுங்க: 'சீவீசுப்ரமணியோமைசஸ்'. இனிஷியலோட சேர்த்து. இதை நான் நாலு டேக் எடுத்துதான் சரியா சொன்னேன்.

சி.வி.எஸ். மாதிரி ஆட்கள் பயன்படுத்தின 'ஈர அறை' முறையை நானும் முயற்சி பண்ணினேன். டச்சுக்கோட்டைச் சுவர் ஓரமா கிடந்த ஒரு காய்ந்த பனை மட்டைத் துண்டை எடுத்து, டிபன் பாக்ஸில் ஈர டிஷ்யூ போட்டு மூடி வெச்சேன். அம்மாவுக்குத் தெரியாம. நாலாவது நாளில் சாம்பல் நிறத்தில் முடி மாதிரி வளர்ந்தது, எட்டாவது நாளில் அங்கங்கே கருப்புப் புள்ளி. ஆன்லைனில் வாங்கின சீப்பான மைக்ராஸ்கோப்பில் ஸ்போர் தெரிஞ்சது, அது எங்கிருந்து பிறக்குது என்று மட்டும் கடைசிவரை பிடிபடல. இரண்டு மணி நேரத்தில் கண்ணு வலி வந்துடுச்சு. நீங்க செய்றதா இருந்தா மாஸ்க் போட்டுக்கோங்க, மூடியைத் திறந்து மோந்து பார்க்காதீங்க, ஆஸ்துமா இருக்கிறவங்க இந்த வேலையே வேண்டாம். டிபன் பாக்ஸையும் திரும்ப சமையலறைக்குள் கொண்டு போகாதீங்க. நான் புதுசு வாங்கிக் கொடுக்க வேண்டியதாச்சு.

ஃபோம் கதைக்கு வர்றேன். குப்பையில் போடறதுக்கு முன்னாடி நண்பன் நேரில் வந்து, பூஞ்சணத்து மேல செல்லோ டேப்பை மெதுவா ஒத்தி எடுத்து, ஸ்லைடில் ஒட்டிக் கொண்டு போனான். தொட்டாலே செயின் உதிர்ந்துடும், டேப்பில் எடுத்தால்தான் வரிசை கலையாம வருமாம். நேத்து ராத்திரி மெசேஜ் வந்தது.

"செயின் கிளை பிரியுது. உச்சிதான் புதுசு. உன் ஆப் சொன்னது தப்பு. கிளாடோஸ்போரியம்."

எந்த கிளாடோஸ்போரியம் என்று கேட்டேன்.

"அதுக்கு மேல வேணும்னா டிஎன்ஏ பார்க்கணும். காசு நீ குடு."